மாயப் படிகச் சுரங்கப் பெட்டி: எதை வாங்கலாம், எப்படித் தோண்டலாம்

தி.நகர் பொம்மைக் கடைகளிலும் பாரிமுனைப் பக்கத்து மொத்தக் கடைகளிலும் கிடைக்கும் 'படிகச் சுரங்க' கிட்டுகளைப் பற்றிய மதிப்புரை இது. பெட்டியின் மேல் டிராகன், குள்ளர்கள், ஒளிவிடும் குகை. உள்ளே ஒரு பிளாஸ்டர் கட்டி, உளி, சுத்தி, பிரஷ், கதை அச்சடித்த தாள். நீலக் கல் மழையை வரவழைக்கும், ஊதாக் கல் கனவில் பேசும் என்ற ரீதியில் கதை போகும். அதில் தவறே இல்லை. பிள்ளைகள் அந்தக் கதைக்காகத்தான் பொறுமையாகத் தோண்டுகிறார்கள். ஆனால் கட்டிக்குள் கிடக்கும் நிஜக் கற்களுக்கே சில வித்தைகள் தெரியும். அவற்றைப் பற்றித் தாளில் பெரும்பாலும் ஒரு வரிகூட இருப்பதில்லை. இந்தப் பெட்டிகளின் பெரிய குறை அதுதான்.

வாங்கும்போது கற்களின் எண்ணிக்கையைப் பார்த்து மயங்க வேண்டாம், பெயர்ப் பட்டியலைப் படியுங்கள். ஓபலைட் என்று போட்டிருந்தால் அது கண்ணாடி. கோல்ட்ஸ்டோனும் கண்ணாடிதான், உள்ளே மினுக்குவது செம்புத் துகள். மலிவுப் பெட்டியில் வரும் நீல டர்க்காய்ஸ் பெரும்பாலும் சாயம் ஏற்றிய ஹவ்லைட் என்ற வெள்ளைக் கல்லாக இருக்கும். நகப்பூச்சு நீக்கும் திரவத்தைப் பஞ்சில் தொட்டுத் தேய்த்தால் பல சாயங்கள் பஞ்சில் ஒட்டிக்கொள்ளும். அசல் படிகக் கற்களான குவார்ட்ஸ், கால்சைட், ஃப்ளோரைட் மூன்றும் பட்டியலில் இருந்தால் தயங்காமல் வாங்கலாம். வெறுமனே 'ஜெம்', 'கிரிஸ்டல்' என்று மட்டும் போட்டிருந்தால் வேண்டாம்.

தோண்டுவதில்தான் பலரும் கோட்டை விடுகிறார்கள். கட்டியைக் காய்ந்தபடியே கொத்தினால் வீடு முழுக்கத் தூசி பறக்கும், அது நுரையீரலுக்கு நல்லதல்ல. வாளியில் ஊறப்போட்டால் சேறாகிவிடும், தோண்டுகிற சுகமே போய்விடும். நடுவழி இதுதான்: ஓரம் உயர்ந்த தட்டில் கட்டியை வைத்து, ஸ்ப்ரே பாட்டிலால் மேற்பரப்பை மட்டும் நனைத்து, இரண்டு நிமிடம் விட்டுச் சுரண்ட வேண்டும். காய்ந்ததும் மறுபடி ஒரு ஸ்ப்ரே. மாஸ்க்கும் கண்ணுக்குப் பாதுகாப்புக் கண்ணாடியும் கட்டாயம்.

சுத்தியை முதல் அரை அங்குலத்துக்கு மட்டும் பயன்படுத்துங்கள். கல்லின் நிறம் தெரிந்ததும் சுத்தியைக் கீழே வைத்துவிட வேண்டும். ஃப்ளோரைட்டும் கால்சைட்டும் குறிப்பிட்ட தளங்களில் பிளக்கும் கற்கள்; ஒரு அடி சரியாக விழுந்தால் இரண்டாகிவிடும். கற்களின் கடினத்தன்மையை 1 முதல் 10 வரை வரிசைப்படுத்தும் மோஸ் அளவில் கால்சைட் 3, ஃப்ளோரைட் 4. அதனால் இரும்பு ஸ்க்ரூடிரைவரின் முனை இரண்டையும் கீறிவிடும். 7 உள்ள குவார்ட்ஸுக்கு ஒன்றும் ஆகாது. கல்லைச் சுற்றி ஐஸ்கிரீம் குச்சியும் பழைய டூத் பிரஷும் போதும். பெட்டியோடு வரும் பிளாஸ்டிக் உளி பாதியில் உடைந்தாலும் கவலைப்பட வேண்டாம், இறுகிய பிளாஸ்டர் என்பது ஜிப்சம் என்ற கனிமம், அதன் கடினத்தன்மை 2தான், நகமே அதைக் கீறும்.

சேற்று நீரைச் சிங்க்கில் ஊற்றாதீர்கள். இறுகிய பிளாஸ்டர் மறுபடி இறுகாது என்றாலும், வண்டலாகக் குழாய் வளைவில் படிந்து அடைத்துக்கொள்ளும். தெளியவிட்டு, மேல்நீரை வடித்துவிட்டு, அடியில் இருப்பதைக் காயவைத்துக் குப்பையில் போடுங்கள்.

இனி வித்தைகள். இரண்டு குவார்ட்ஸ் துண்டுகளை எடுத்துக்கொண்டு கும்மிருட்டான அறைக்குப் போய், கண் இருட்டுக்குப் பழகும்வரை காத்திருந்து, ஒன்றோடொன்று அழுத்தி உரசுங்கள். உரசும் இடத்தில் மங்கலான ஒளி தெரியும். கதைத்தாளின் எந்த மந்திரமும் இதற்கு ஈடில்லை! கால்சைட்டில் ஒரு சொட்டு எலுமிச்சைச் சாறு விட்டால் சின்னச் சின்னக் குமிழிகள் வரும். அது கார்பன் டை ஆக்சைடு. சாறு பட்ட இடம் பளபளப்பை இழக்கும் என்பதால் அடிப்பக்கத்தில் செய்யுங்கள். கண்ணாடிபோலத் தெளிந்த கால்சைட் கிடைத்தால் அதை அச்செழுத்தின் மேல் வையுங்கள், ஒரு வரி இரண்டாகத் தெரியும். ரூபாய் நோட்டைச் சோதிக்கும் புற ஊதா டார்ச்சின் அடியில் பல ஃப்ளோரைட்டுகள் நீலமாக ஒளிரும். எல்லாம் ஒளிராது, அதற்காகக் கடைக்காரரிடம் சண்டைக்குப் போக வேண்டாம்.

தூக்கி எறிகிற கட்டியும் படிகம்தான். ஜிப்சத்தைச் சூடாக்கி நீரின் பெரும்பகுதியை விரட்டினால் பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் கிடைக்கும். தண்ணீர் சேர்த்ததும் ஊசி ஊசியாக ஜிப்சம் படிகங்கள் வளர்ந்து பின்னிக்கொள்கின்றன, அதனால்தான் அது இறுகுகிறது. மெக்சிகோவின் நைக்கா சுரங்கத்தில் 2000ஆம் ஆண்டு, சுமார் 300 மீட்டர் ஆழத்தில் கண்டெடுத்த குகையில் 11 மீட்டருக்கும் மேல் நீண்ட படிகங்கள் நின்றன. அவையும் இதே ஜிப்சம்தான். எந்தக் கற்பனை உலகத்துச் சுரங்கமும் அதைத் தாண்டவில்லை. இதை அந்தத் தாளில் அச்சடித்திருந்தால் பெட்டியின் மதிப்பு இரட்டிப்பாகியிருக்கும்.

சில பெட்டிகளில் 'படிகம் வளர்க்கும்' பொடியும் வரும். நம் ஊர் ஈரப்பதத்தில் அது பாக்கெட்டுக்குள்ளேயே கட்டி தட்டிப்போவதுண்டு. அதற்காகக் கூடுதல் பணம் தர வேண்டியதில்லை. ராசப்ப செட்டி தெரு நாட்டு மருந்துக் கடைகளில் படிகாரம் வாங்கிப் பொடித்து, 100 மில்லி வெந்நீரில் 25 கிராம் கரைத்து, வேட்டித் துணியில் வடிகட்டி மூடி வையுங்கள். மறுநாள் அடியில் எண்முகப் படிகங்கள் படிந்திருக்கும். தெளிவான ஒன்றை மெல்லிய நைலான் நூலில் கட்டி, வடித்தெடுத்த அதே கரைசலில் தொங்கவிட வேண்டும். பருத்தி நூல் ஆகாது. அதன் இழைகளில் நூறு குட்டிப் படிகங்கள் முளைத்துவிடும். ஏசி போட்டு நிறுத்தும் அறையும் ஆகாது. இரவில் வளர்ந்தது பகல் சூட்டில் கரையும். மூடிய காகிதத்தில் சில ஓட்டைகள் போட்டு, அசையாத அலமாரியில் வைத்தால் போதும். மழைக்காலத்தில் நீர் மெதுவாக ஆவியாகும், வளர்ச்சியும் மெதுவாகத்தான் இருக்கும். ஆனால் அப்போது வளரும் படிகம் இன்னும் தெளிவாக வரும்.

கழுவிய கற்களில் பைரைட் (இரும்பும் கந்தகமும் சேர்ந்த பொன்னிறக் கல்) இருந்தால் உடனே துடைத்து, ஈரம் உறிஞ்சும் சிலிக்கா ஜெல் பையோடு டப்பாவில் மூடிவிடுங்கள். கடற்காற்றில் அது துருவேறும். கட்டியைத் தோண்டுவது 8 வயதுக்கு மேல் சரி, அதற்குக் குறைந்தவர்கள் பெரியவர் பக்கத்தில் இருந்தால் மட்டும். 3 வயதுக்குட்பட்ட குழந்தை உள்ள வீட்டில் இந்தப் பெட்டியே வேண்டாம், கற்கள் தொண்டையில் சிக்கும் அளவு சிறியவை.