டெத் வேலிக்குக் காரில் போகிறவர்கள், ‘ஆஃப்லைன்’ ஆடியோ டூர் வாங்குவதற்கு முன் இதைப் படித்துவிடுங்கள்

59 டாலர் போனதைவிட, அதை நம்பிப் பாலைவனத்துக்குள் போனதுதான் எரிச்சலாக இருக்கிறது. கம்பெனியின் பெயரைச் சொல்லப் போவதில்லை. இதே மாதிரி ஆப் நிறைய இருக்கின்றன, எல்லாவற்றிலும் விளம்பர வாசகம் கிட்டத்தட்ட ஒன்றுதான், அதனால் பெயரைவிட என்ன நடந்தது என்று தெரிந்துகொள்வது உங்களுக்கு உபயோகம்.

அப்பா அம்மா வந்திருந்தார்கள். மார்ச் மாதம், வெயில் ஏறுவதற்குள் கலிஃபோர்னியாவின் பாலைவனப் பூங்காக்களைக் காட்டிவிடலாம் என்று லாஸ் ஏஞ்சலஸிலிருந்து ஜோஷுவா ட்ரீ, அங்கிருந்து லாஸ் வேகஸ், அப்புறம் டெத் வேலி என்று திட்டம். வழிகாட்டியோடு போகும் பஸ் டூர் ஆளுக்கு இவ்வளவு என்று கேட்டார்கள், நான்கு பேருக்குக் கட்டுப்படியாகவில்லை. அப்போதுதான் இந்த ஆப் கண்ணில் பட்டது. நாம் பாட்டுக்கு வண்டி ஓட்டினால் போதும், ஜிபிஎஸ்ஸைப் பார்த்து அந்தந்த இடம் வந்ததும் அதுவே பேச ஆரம்பிக்கும். டெத் வேலி, ஜோஷுவா ட்ரீ, சவாரோ, ஆர்ச்சஸ் என்று நான்கு தேசியப் பூங்காவும் சேர்த்து 59 டாலர், ‘வாழ்நாள் முழுவதும்’, ‘சிக்னல் தேவையில்லை’. மதிப்பீடு 4.8. யோசிக்காமல் அவர்கள் வெப்சைட்டிலேயே கார்டு நம்பரைப் போட்டுவிட்டேன். ஆப் ஸ்டோர் வழியாக வாங்காமல் வெப்சைட்டில் வாங்கியது முதல் தப்பு, அதைப் பற்றி அப்புறம் சொல்கிறேன்.

ஜோஷுவா ட்ரீயிலேயே எனக்கு உறைத்திருக்க வேண்டும். ஓட்டலுக்குப் பக்கம் என்பதால் ட்வென்டிநைன் பாம்ஸ் ஊர் வழியாக, வடக்கு வாசலில் நுழைந்தோம். இந்த டூரோ மேற்கு வாசலில் நுழைகிறவர்களுக்காக மட்டும் எழுதப்பட்டது போல. ‘உங்கள் வலப்பக்கம் ஸ்கல் ராக்’ என்றது, வலப்பக்கம் வெறும் புதர். மண்டையோடு மாதிரி இருக்கும் அந்தப் பாறை சாலைக்கு எதிர்ப்பக்கம் நின்றுகொண்டிருந்தது. கொஞ்ச தூரத்தில் குரல் அடியோடு நின்றுபோனது. கீஸ் வியூ மேலே ஏறி நின்று, தூரத்தில் சால்டன் ஸீ ஏரியும் சான் ஆண்ட்ரியாஸ் நிலப்பிளவு ஓடும் பள்ளத்தாக்கும் தெரிகிற இடத்தில், போன் ஒரு வார்த்தை பேசவில்லை. என் போனில்தான் ஏதோ கோளாறு என்று நினைத்துக்கொண்டேன். இரவு ஓட்டலில் வைஃபை வந்ததும் ஆப்பைத் திறந்து பார்த்தேன், டெத் வேலிக்குப் பக்கத்தில் ‘டவுன்லோட் முடிந்தது’ என்று பச்சை டிக் இருந்தது. சரி, ஜோஷுவா ட்ரீதான் சரியாக இறங்கவில்லை போல, நாளைக்குப் பிரச்சினை இருக்காது என்று தூங்கப் போனேன்.

டெத் வேலி எவ்வளவு பெரியது என்று போகாதவர்களுக்குச் சட்டென்று பிடிபடாது. 34 லட்சம் ஏக்கர். அலாஸ்காவை விட்டுவிட்டால் அமெரிக்காவில் இதைவிடப் பெரிய தேசியப் பூங்கா கிடையாது. உள்ளே ஃபர்னஸ் க்ரீக், ஸ்டவ்பைப் வெல்ஸ் மாதிரி ஒன்றிரண்டு இடங்களைத் தவிர போனில் கோடே வராது. ஆகவே ‘சிக்னல் தேவையில்லை’ என்று ஒருவன் விற்கிறான் என்றால், அங்கே அந்த ஒரு வார்த்தைக்காகத்தான் நாம் காசு கொடுக்கிறோம்.

லாஸ் வேகஸில் கிளம்பி பாரம்ப் ஊர் தாண்டும்வரை ஜோராகப் பேசியது. முன்னுரை, பாலைவனம் எப்படி உருவானது, தண்ணீர் எடுத்துக்கொள்ளுங்கள், பெட்ரோலை இங்கேயே நிரப்பிக்கொள்ளுங்கள் (இது மட்டும் உண்மையாகவே நல்ல அறிவுரை, பூங்காவுக்குள் விலை கண்ணைக் கட்டும்). இரண்டாவது நிறுத்தம் முடிந்த கையோடு திரையில் ‘டூர் பிடித்திருக்கிறதா? ஐந்து நட்சத்திரம் கொடுங்கள்’ என்று வந்தது. மனைவி கொடுத்தும்விட்டாள்! அந்த 4.8 எங்கிருந்து வந்தது என்பது எனக்குப் பிறகுதான் புரிந்தது. சிக்னல் இருக்கிற இடத்தில், எதுவும் கெட்டுப்போவதற்கு முன்னால் கேட்டு வாங்குகிறார்கள்.

டான்டேஸ் வியூ என்ற மலைமுகட்டுக்கு ஏறினோம். கீழே 5,000 அடிக்கும் மேலான ஆழத்தில் வெள்ளை வெளேரென்று உப்புப் படுகை. குரல் வரவில்லை, ஒரு வட்டம் மட்டும் சுற்றிக்கொண்டே இருந்தது. செட்டிங்ஸை நோண்டிப் பார்த்ததில்தான் விஷயம் வெளியே வந்தது. அந்தப் பச்சை டிக் வரைபடத்துக்கு மட்டும். ஆடியோவுக்குத் தனியாக ஒரு பொத்தான், மூன்று திரை உள்ளே, அதுவும் அணைத்தே வைக்கப்பட்டிருக்கிறது. அதாவது குரல் ஒவ்வொன்றும் அந்த நேரத்தில் இணையத்திலிருந்துதான் வர வேண்டும். அப்புறம் ஆஃப்லைன் எங்கே இருக்கிறது?

அடுத்துப் பார்த்த ஜப்ரிஸ்கி பாயிண்ட் என்ற காட்சிமுனையிலும் மௌனம். ஃபர்னஸ் க்ரீக் வந்து கொஞ்சம் சிக்னல் கிடைத்ததும், தேக்கி வைத்திருந்ததெல்லாம் வரிசையாகக் கொட்ட ஆரம்பித்தது. பார்க்கிங்கில் நின்றுகொண்டு டான்டேஸ் வியூவின் அழகைப் பற்றிக் கேட்டோம். கணினிக் குரல் வேறு, ஜப்ரிஸ்கி என்ற பெயரை மூன்று இடத்தில் மூன்று விதமாக உச்சரித்தது.

சொன்ன விஷயமாவது சரியாக இருந்ததா என்றால் அதுவும் இல்லை. உலகிலேயே அதிக வெப்பம், பூங்காவின் மிகத் தாழ்வான உப்புப் படுகையான பேட்வாட்டரில் பதிவானதாம். 1913 ஜூலை 10 அன்று 134 டிகிரி ஃபாரன்ஹீட், நம் கணக்கில் 56.7 செல்சியஸ், பதிவானது ஃபர்னஸ் க்ரீக்கில், அதாவது நாங்கள் அப்போது நின்றுகொண்டிருந்த இடத்தில்! ரேஸ்ட்ராக் ப்ளாயா என்ற வறண்ட ஏரிப் படுகையில் கற்கள் தானாக நகர்வது ‘இன்றுவரை விடை தெரியாத மர்மம்’ என்றது. கண்ணாடி மாதிரி மெல்லிய பனித்தகடு காற்றில் நகரும்போது கல்லையும் தள்ளிக்கொண்டு போகிறது என்று 2014-லேயே நேரில் பதிவுசெய்து வெளியிட்டுவிட்டார்கள். பத்து வருடத்துக்கு மேல் பழைய எழுத்தை யாரோ கணினிக் குரலில் ஏற்றி விற்கிறார்கள் என்பது என் ஊகம்.

அந்த ஊகத்துக்குப் பக்கபலமாக இன்னொன்று. பட்டியலில் 14-ஆவது நிறுத்தம் ஸ்காட்டிஸ் கேஸில். ஃபர்னஸ் க்ரீக்கிலிருந்து 50 மைலுக்கும் மேல், அம்மாவுக்குப் பழைய மாளிகை என்றால் ஆசை, மதியம் அங்கே போகலாம் என்று வைத்திருந்தோம். விசிட்டர் சென்டரில் ரேஞ்சரிடம் (பூங்கா அலுவலர்) சாதாரணமாகக் கேட்டபோது அவர் ஒரு மாதிரி பார்த்துவிட்டுச் சொன்னார், 2015 அக்டோபர் வெள்ளத்திலிருந்து அது மூடித்தான் கிடக்கிறது என்று. இடையில் 2021-ல் ஒரு தீ விபத்து வேறு. அவரிடம் கேட்காமல் போயிருந்தால் போக வர நூறு மைல், பாதி டாங்க் பெட்ரோல், மூடிய பாதையில் முடிந்திருக்கும்.

இதுவரைக்கும் காசு விஷயம், எரிச்சல் விஷயம். அடுத்து நடந்ததுதான் இந்தப் பதிவை எழுத வைத்தது.

ஃபர்னஸ் க்ரீக்கிலிருந்து தெற்கே பேட்வாட்டர் 17 மைல். வழியில் ஆர்ட்டிஸ்ட்ஸ் டிரைவ் என்று மலைகள் பச்சை, இளஞ்சிவப்பு என்று நிறம் மாறித் தெரியும் ஒரு சாலை, அது ஒருவழிப் பாதை. தெற்கிலிருந்து நுழைந்து வடக்கில் வெளியே வர வேண்டும், அதனால் எல்லோரும் பேட்வாட்டர் பார்த்துவிட்டுத் திரும்பும்போது அதில் போவார்கள். இந்த ஆப் என்ன செய்தது தெரியுமா, நாங்கள் தெற்கே போகும்போது முதலில் வரும் முனையில், அதாவது வெளியேறும் வாயிலில், ‘இடப்பக்கம் திரும்புங்கள்’ என்றது. நுழையாதே என்று சிவப்புப் பலகை நிற்கிறது. எதிரே வளைவுக்குப் பின்னால் என்ன வண்டி வருகிறது என்று தெரியாத சாலை. நல்லவேளை, பலகை என் கண்ணில் பட்டது.

திரும்பாமல் நேராகப் போனதும் அது வேறு வழி கண்டுபிடிக்கிறேன் என்று வலப்பக்கம் வெஸ்ட் சைடு ரோட்டில் திரும்பச் சொன்னது. அது தார்ச் சாலையே இல்லை, சரளை. உப்புப் படுகையின் எதிர்க்கரையோடு ஓடி, வெகுதூரம் தெற்கே போய்த்தான் மறுபடி பேட்வாட்டர் சாலையைத் தொடும், நடுவில் படுகையைக் குறுக்கே கடக்க வழியே கிடையாது. எங்களுடையது வாடகைக் கார், தார் போடாத சாலையில் ஓட்டக்கூடாது என்று ஒப்பந்தத்திலேயே இருக்கிறது, ஓட்டினால் இன்சூரன்ஸும் கை கழுவிவிடும். நானோ குரல் சொன்ன பழக்கத்தில் சிக்னல் விளக்கைப் போட்டுவிட்டேன். பின் சீட்டிலிருந்து அப்பாதான், “டேய், எல்லா வண்டியும் நேரா போகுது, நீ மட்டும் எங்க திரும்புற?” என்றார். நிறுத்தினேன்.

இதைப் பெரிதுபடுத்துகிறேன் என்று நினைக்காதீர்கள். இயந்திரம் காட்டிய வழியை நம்பி ஆட்கள் மாட்டிக்கொள்வது அந்தப் பூங்காவில் எவ்வளவு சகஜம் என்றால், ‘ஜிபிஎஸ் மரணம்’ என்று அர்த்தம் வரும் ஒரு சொற்றொடரே அங்குள்ள ரேஞ்சர்கள் மத்தியில் புழக்கத்துக்கு வந்துவிட்டது. கார்களில் ஜிபிஎஸ் சகஜமாவதற்கு முன்பே, 1996 ஜூலையில், ஜெர்மனியிலிருந்து வந்த நான்கு பேர் வாடகை வேனோடு ஒரு மண்பாதையில் சிக்கினார்கள், அவர்களுடைய எலும்புகள் கிடைத்ததே 2009-ல்தான். நாங்கள் போனது மார்ச். இதே ஆப், இதே தவறான வழி, ஜூலை மாதம் யாராவது சின்னக் குழந்தையோடு போனால் என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள்.

பேட்வாட்டர் வருவதற்குள் கண்ணாடியில் ஒட்டி வைத்திருந்த என் போன் வெயிலில் சூடேறி அணைந்துபோனது. சரி, மனைவியின் போனில் போடலாம் என்றால், ‘இந்தக் கணக்கு வேறொரு கருவியில் பயன்பாட்டில் உள்ளது, மாற்ற இணையத்தில் இணையுங்கள்’ என்று வந்தது. கடல்மட்டத்துக்கு 282 அடி கீழே நின்றுகொண்டு எங்கே போய் இணைவது?

அன்று மீதி டூரை நடத்தியது அப்பா. பூங்காக்காரர்கள் வைத்திருக்கும் விளக்கப் பலகைகளை ஒவ்வொன்றாகப் படித்து அம்மாவுக்குத் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தார். பேட்வாட்டரில் பின்னால் இருக்கும் மலைச்சரிவில் எங்கோ உயரத்தில் ‘கடல்மட்டம்’ என்று ஒரு பலகை மாட்டியிருக்கிறார்கள், அம்மா அதை அண்ணாந்து பார்த்துவிட்டு, “அவ்வளவு தண்ணிக்கு அடியிலயா நிக்கறோம்!” என்று இரண்டடி பின்னால் நகர்ந்தாள். ஹார்மனி போராக்ஸ் வொர்க்ஸ் என்ற பழைய போராக்ஸ் ஆலையில், 20 கழுதை வண்டி என்று பேர் பெற்றதில் உண்மையில் 18 கோவேறு கழுதையும் 2 குதிரையும்தான், 165 மைல் பாலைவனத்தில் சரக்கு இழுத்தன என்று அப்பா சொல்லக் கேட்டேன். காசு கொடுத்து வாங்கிய குரலில் இதெல்லாம் இருந்ததா இல்லையா என்பதே எனக்குத் தெரியாது.

ஊர் திரும்பியதும் ரீஃபண்ட் கேட்டு மெயில் போட்டேன். நான்கு நாள் கழித்துப் பதில்: ‘எங்கள் பதிவின்படி நீங்கள் 11 நிறுத்தங்களைக் கேட்டிருக்கிறீர்கள், பயன்படுத்திய டூருக்குப் பணம் திரும்பக் கிடைக்காது.’ அந்த இடத்தை வண்டி கடந்தாலே கேட்டதாகக் கணக்கு, சத்தம் வந்ததா என்று அதற்குத் தெரியாது. வட்டம் சுற்றும் ஸ்க்ரீன்ஷாட் அனுப்பினேன், பதிலே இல்லை. இதில் கொடுமை, ‘வாழ்நாள்’ என்று வாங்கியதற்குள்ளேயே ஒரு வருடாந்திர சந்தாவும் சேர்த்து ஒட்டியிருந்தார்கள், சின்ன எழுத்தில், முன்கூட்டியே டிக் அடித்து. அதை ரத்து செய்யவே இரண்டு மெயில் ஆனது.

ஆப் ஸ்டோர் வழியாக வாங்கியிருந்தால் ஆப்பிளிடமோ கூகுளிடமோ முறையிட ஒரு வழி இருந்திருக்கும். வெப்சைட்டில் வாங்கியதால் கார்டு கம்பெனியில் டிஸ்ப்யூட், அதாவது பணத்தைத் திருப்பித் தரச் சொல்லி முறையீடு, போட்டேன். அமெரிக்கக் கிரெடிட் கார்டு என்றால், அந்தத் தொகை வந்த முதல் பில்லிலிருந்து 60 நாளுக்குள் எழுதிக் கொடுக்க வேண்டும், தள்ளிப் போடாதீர்கள். விளம்பரப் பக்கத்தில் ‘சிக்னல் தேவையில்லை’ என்று இருப்பதைப் படம் எடுத்து இணைத்ததுதான் எனக்குக் கைகொடுத்தது, 59 டாலரும் திரும்ப வந்தது.

இப்படி எதையாவது வாங்குவதாக இருந்தால், கிளம்புவதற்கு முந்தைய நாள் போனை ஃப்ளைட் மோடில் போட்டு, நடுவிலிருந்தும் கடைசியிலிருந்தும் ஒவ்வொரு நிறுத்தத்தைக் கையால் அழுத்தி ஓடவிட்டுப் பாருங்கள். முதல் இரண்டை மட்டும் சோதித்தால் ஏமாந்துபோவீர்கள். இரண்டாவது போனிலும் ஓடுகிறதா என்று பாருங்கள். தேசியப் பூங்காச் சேவையின் சொந்த ஆப் இலவசம், அதில் பூங்காவை ஆஃப்லைனுக்காகச் சேமித்துக்கொள்ளலாம், நான் அடுத்த முறை அதையும் விசிட்டர் சென்டரில் கொடுக்கும் காகித வரைபடத்தையும்தான் நம்புவேன். எந்தச் சாலை மூடியிருக்கிறது என்பதை அவர்கள் வெப்சைட்டில் அன்றன்றைக்குப் பாருங்கள், 2023 ஆகஸ்ட் புயல் மழைக்குப் பிறகு பூங்கா முழுவதுமே இரண்டு மாதம் அளவுக்கு மூடிக் கிடந்தது. இன்னொன்று, இந்த ஆப்காரர்கள் ‘பாஸ்’ என்று விற்பது பூங்கா நுழைவுக் கட்டணம் இல்லை. அது தனியாக வண்டிக்கு 30 டாலர், ஏழு நாளுக்குச் செல்லும், ரொக்கம் வாங்க மாட்டார்கள்.

இதை எழுதுவதற்கு முன் அவர்கள் பக்கத்தை ஒருமுறை பார்த்தேன். மதிப்பீடு இப்போது 4.9. ஸ்காட்டிஸ் கேஸில் இன்னும் 14-ஆவது நிறுத்தமாகவே இருக்கிறது.