வக்கீல் மீதே புகார் எழுதித் தரும் பாளையங்கோட்டைத் தட்டச்சுக் கடை

நீதிமன்றத்தைச் சுற்றியிருக்கும் தட்டச்சுக் கடைகளில் போய், வக்கீல் மீது, வக்கீல்களைப் பதிவு செய்து ஒழுங்குபடுத்தும் பார் கவுன்சிலுக்குப் புகார் எழுத வேண்டும் என்று சொல்லிப் பாருங்கள். ஒருவருக்கு உடனே மை தீர்ந்துவிடும், இன்னொருவருக்குச் சாப்பாட்டு நேரம் வந்துவிடும். அவர்களைக் குறை சொல்லவும் முடியாது. வக்கீல்கள்தானே அன்றாட வாடிக்கையாளர்கள். இந்தச் சிறிய கடையை நடத்தும் அம்மாள் மட்டும், “உட்காருங்கள் அண்ணாச்சி, ரசீது இருக்கிறதா?” என்றார்.

எங்கள் விவகாரம் பாகப்பிரிவினை. நீதிமன்றக் கட்டணம் என்று பணம் வாங்கிய வக்கீல் வழக்கைத் தாக்கலே செய்யாமல், மாதாமாதம் வாய்தா தேதி சொல்லிக்கொண்டிருந்தார். அம்மாள் ஓர் எழுத்துகூடத் தட்டாமல் முதலில் நீதிமன்ற வழக்கு விவரங்களைக் காட்டும் ஈ-கோர்ட்ஸ் தளத்தில் எங்கள் பெயர்களைத் தேடினார். அப்படி ஒரு வழக்கே இல்லை. அந்தப் பக்கத்தை அச்செடுத்து மேலே வைத்துவிட்டு, நான் கட்டுரை போல் எழுதிப்போயிருந்த புகாரில் கை வைத்தார்.

‘அயோக்கியன்’ போயிற்று. அவர் வாங்கிய புதுக் கார் போயிற்று. அவர் முன்பு நடத்தித் தோற்ற வாடகை வழக்கும் போயிற்று. “தோற்பது குற்றமில்லை அண்ணாச்சி. பொய் சொன்னதும் பணத்தை வைத்துக்கொண்டதும்தான் குற்றம்.” மிஞ்சியது தேதி, தொகை, ஜிபே விவரம், வாட்ஸ்அப்பில் அவர் அனுப்பிய வாய்தாத் தேதிகள். இரண்டே பக்கம், தமிழிலேயே. கீழே உறுதிமொழியும் கையெழுத்தும்.

நுகர்வோர் நீதிமன்றம் போகலாமே என்றேன். வக்கீல் தொழில் அந்தச் சட்டத்துக்குள் வராது என்று 2024 மே மாதம் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டதாம். ஆகவே 1961-ஆம் ஆண்டு வழக்கறிஞர்கள் சட்டத்தின் 35-ஆவது பிரிவின்படி மாநில பார் கவுன்சிலுக்குப் புகார் கொடுப்பதே வழி என்றார். முகாந்திரம் இருந்தால் மூன்று பேர் கொண்ட ஒழுங்கு நடவடிக்கைக் குழு விசாரிக்கும்; கண்டிக்கலாம், சில காலம் தொழில் செய்யத் தடை விதிக்கலாம், பதிவிலிருந்தே பெயரை நீக்கலாம். ஓராண்டில் முடியாவிட்டால் விவகாரம் இந்திய பார் கவுன்சிலுக்குப் போகும். பாக்கிக் கட்டணத்தைக் காரணம் காட்டி வக்கீல் கேஸ் கட்டைப் பிடித்து வைக்க முடியாது என்ற 2000-ஆம் ஆண்டுத் தீர்ப்பும் அவருக்கு மனப்பாடம்.

எங்களைப் போலவே ஏமாந்த காது கேளாத முதியவர் ஒருவரின் கதையையும் சொன்னார். புரோநோட்டுக் கடன் வழக்குப் போட்டுவிட்டதாக நம்பவைத்த தமிழ்நாட்டு வக்கீலுக்கு மாநில பார் கவுன்சில் ஆறாண்டுத் தடை விதித்தது. மேல்முறையீட்டில் அது ஓராண்டாகக் குறைந்தது. 1978-இல் உச்ச நீதிமன்ற நீதிபதி கிருஷ்ணய்யர், முதியவருக்குப் பணம் கொடுக்கவும் இலவச சட்ட உதவிப் பணி செய்யவும் உத்தரவிட்டார். ஆறு எங்கே, ஒன்று எங்கே என்று எனக்கு எரிச்சல்தான். அம்மாளுக்கு அந்தத் தீர்ப்பு பிடித்திருக்கிறது.

குறைகள் உண்டு. கோப்பு பழைய எழுத்துருவில் இருப்பதால் வீட்டுக் கணினியில் திறந்தால் ஒரே கிறுக்கல். பிடிஎஃப் கேட்டு வாங்குங்கள். ஒரே நாற்காலி. என்னிடம் அத்தனை ரசீது கேட்டவர், தாம் வாங்கிய பணத்துக்கு ரசீது தரவில்லை! கேட்ட பிறகு சிரித்துக்கொண்டே வெள்ளைத் தாளில் எழுதிக் கொடுத்தார்.

பக்கத்துக்கு நாற்பது ரூபாய், தபாலில் அனுப்பும் செலவு தனி. காலையில் வக்கீல் குமாஸ்தாக்களின் கூட்டம். மாலை நான்கு மணிக்கு மேல் போங்கள். நல்ல வக்கீல் யார் என்று மட்டும் கேட்காதீர்கள், சொல்ல மாட்டார்.