மாடித் தோட்டச் சொட்டுநீர்க் கிட்: சுக்கினிக்கும் பரங்கிக்கும் ஏற்றதா?

புதுச்சேரியில் அடைமழை ஓய்ந்து மார்கழியில் விதை போட்டால், வெயில் ஏறுவதற்குள் பூசணி இனத்துச் செடியான சுக்கினியைக் காய்க்க வைத்துவிடலாம். விதைத்து ஏறக்குறைய 50 நாளில் முதல் காய் பறிக்கும் பயிர் என்பதால், இடையில் தண்ணீர் தவறினால் அதை ஈடுகட்டப் பருவத்தில் நாள் மிச்சமிருக்காது. இதை மனத்தில் வைத்துத்தான் லாஸ்பேட்டையில் உள்ள எங்கள் மொட்டை மாடிக்கு, 20 பைகளுக்குப் போதுமான சொட்டுநீர்க் கிட் ஒன்றை 1,500 ரூபாய்க்குள் வாங்கினோம். ஒரு பருவம் முழுக்கப் பயன்படுத்திப் பார்த்ததில், பொருள் நன்றாகவே இருக்கிறது; பெட்டியில் அச்சிட்டிருக்கும் கணக்குதான் மாடிக்குப் பொருந்தவில்லை.

பெட்டிக்குள் 16 மி.மீ. கறுப்புக் குழாய், 4 மி.மீ. நுண்குழாய், தண்ணீரைச் சொட்டுச் சொட்டாக விடும் டிரிப்பர்கள், சிறு வடிகட்டி, துளை போடும் ஊசி, குழாயின் கடைசியை மடித்து மாட்டுவதற்கு எட்டு வடிவ வளையம் ஆகியவை இருந்தன. நுண்குழாயின் நுனியை வெந்நீரில் சற்றே நனைத்துக்கொண்டால் எளிதாக ஏறிவிடுகிறது. பிளம்பரைக் கூப்பிட வேண்டியதில்லை.

டிரிப்பரின் மேல் மணிக்கு 4 லிட்டர் என்று போட்டிருக்கிறது. "ஒரு மணி நேரம் திறந்து விடுங்க சார், போதும்" என்றுதான் கடைக்காரரும் சொன்னார். ஆனால் அந்த 4 லிட்டர் என்பது 1 பார் அழுத்தத்தில் கிடைக்கும் அளவு. அந்த அழுத்தம் வர வேண்டுமென்றால் தண்ணீர் ஏறத்தாழ 10 மீட்டர் உயரத்திலிருந்து இறங்க வேண்டும். மொட்டை மாடித் தொட்டியின் நீர்மட்டமோ பைகளைவிட ஒரு மீட்டர்தான் உயரம் என்றால், கிடைப்பது பத்தில் ஒரு பங்கு அழுத்தமே. சாதாரண டிரிப்பரில் வரத்து அழுத்தத்தின் வர்க்கமூலத்தை ஒட்டிக் குறைவதால், 4 லிட்டர் என்பது ஒன்றேகால் லிட்டராகச் சுருங்கிவிடும்; தொட்டி காலியாகக் காலியாக அதுவும் இறங்கும். அழுத்தத்தைச் சமன் செய்யும் விலை உயர்ந்த டிரிப்பரை மாட்டலாமே என்று தோன்றும், ஆனால் இவ்வளவு குறைந்த அழுத்தத்தில் அது சரியாக வேலை செய்யாது. ஒரு டிரிப்பருக்கு அடியில் லிட்டர் பாட்டிலை வைத்து, அது நிரம்ப எவ்வளவு நேரம் ஆகிறது என்று பார்த்து, அதை வைத்தே திறக்கும் நேரத்தை முடிவு செய்வதுதான் சரியான வழி.

இவ்வளவு சிரமப்பட்டாலும் சுக்கினிக்குச் சொட்டுநீர்தான் உகந்தது என்பதில் எனக்கு ஐயமில்லை. அதன் அகன்ற இலைகள் தூரை மூடிக்கொண்டு நிற்பதால், பூவாளியாலோ ஹோஸ் குழாயாலோ ஊற்றும்போது பாதித் தண்ணீர் இலையிலும் குருத்திலும் விழுகிறது. அந்த ஈரத்தில் அடிச்சாம்பல் நோயும் அழுகலும் எளிதில் பற்றும். சாம்பல் நோயை மட்டும் இந்தக் கிட்டின் கணக்கில் எழுதக் கூடாது. அது நனையாத இலையிலும் வெள்ளைப் பொடியாகப் படரும் என்பதால், முற்றிய அடியிலைகளைக் கழித்துக் காற்றோட்டம் விட வேண்டியது நம் பொறுப்பு. டிரிப்பரைத் தண்டை ஒட்டி வைக்காமல் நான்கு விரற்கடை தள்ளி வைக்க வேண்டும். தென்னை நார்க்கழிவு கலந்த பையில் ஒரே டிரிப்பர் ஒரு பக்கத்தை மட்டும் நனைப்பதால், எதிரெதிரே இரண்டு வைத்தோம். ஆகவே 20 பைக்கான கிட் எங்களுக்கு 10 பைக்குத்தான் வந்தது.

உச்சி வெயிலில் இலைகள் துவண்டு தொங்குவதைப் பார்த்ததும் வால்வைத் திறக்கக் கை போகும். மண்ணில் ஈரம் இருக்கும்போதே இந்தச் செடி அப்படித் துவளும். மாலையில் தானாக நிமிர்ந்துவிட்டால் தண்ணீர் தேவையில்லை. விரலை இரண்டு அங்குலம் மண்ணுக்குள் விட்டுப் பார்த்த பிறகே திறக்கலாம். அதேபோல், விரல் நீளப் பிஞ்சு நுனியில் மஞ்சளாகிச் சூம்பி விழுந்தால் பெரும்பாலும் அது மகரந்தம் சேராத குறை. காலையில் விரிந்த ஆண் பூவைப் பறித்து, அடியில் பிஞ்சு தெரியும் பெண் பூவின் நடுவில் தடவிவிட்டால் பெரும்பாலும் சரியாகிவிடும்.

பரங்கிக்கு இந்தக் கிட்டை நான் பரிந்துரைக்க மாட்டேன். அதன் கொடி பற்றுக்கம்பியால் நுண்குழாயைச் சுற்றிப் பிடித்து இழுத்து, டிரிப்பரைக் கழற்றிப் போட்டுவிடுகிறது. தவிர, ஓடிப் படர்ந்து கணுக்களிலும் வேர்விடும் கொடிக்குப் பை போதாது. கடலூர் மஞ்சக்குப்பத்தில் உறவினர் வீட்டுக் கொல்லையில் தரையில் விட்ட பரங்கிக்கு வெறும் 16 மி.மீ. குழாயே நன்றாக வேலை செய்கிறது. அங்கே மணற்பாங்கான மண் என்பதால், தண்ணீர் பக்கவாட்டில் பரவாமல் நேரே கீழே இறங்கிவிடுகிறது. ஒரேயடியாக நெடுநேரம் விடுவதைவிட, காலையிலும் மாலையிலும் சிறிது நேரம் விட்டு, மேலே சருகை மூடாக்காகப் போடுவது பலன் தருகிறது.

உண்மையான குறை அடைப்புதான். எங்கள் போர் தண்ணீர் உப்பும் கடினமுமானது. சில வாரங்களிலேயே டிரிப்பரைத் திருகித் திறந்தால் உள்ளே சுண்ணாம்பு பூசியதுபோல் வெள்ளைப் படிவு ஒட்டியிருந்தது. வினிகரில் ஊறவைத்துக் கழுவினால் போய்விடுகிறது. வாரம் ஒருமுறை எட்டு வடிவ வளையத்தைக் கழற்றிக் குழாயை அலசிவிட வேண்டும். வடிகட்டி இருக்கிறதே என்று பஞ்சகவ்யத்தை இதன் வழியே விடக் கூடாது. டிரிப்பர்கள் தனியாகவும் கிடைக்கின்றன. வாங்கும்போதே திருகித் திறக்கும் வகைதானா என்று பார்த்துக்கொள்ளுங்கள். ஒட்டி மூடிய வகை அடைத்துக்கொண்டால் தூக்கி எறிவதைத் தவிர வேறு வழியில்லை.