செப்சிஸை வீட்டுக் கருவிகள் காட்டிக்கொடுக்குமா? ஆக்சிமீட்டர், பி.பி. மெஷின், தெர்மாமீட்டர்: ஒரு மதிப்பீடு

காய்ச்சலில் படுத்திருப்பவரின் விரலில் ஆக்சிமீட்டரை மாட்டி, 98 என்று கண்டதும் நிம்மதியாகிவிடுகிறார்கள். நிமோனியாவைக் கண்காணிக்க அது நல்ல கருவிதான். சிறுநீர்த் தொற்றோ, ஆறாத புண்ணோ, வயிற்றுக்குள் சீழோ செப்சிஸாக மாறுகிறதா என்று அறிய அதை மட்டும் நம்பினால் ஏமாந்துபோவோம்.

கிருமியை எதிர்க்கக் கிளம்பிய உடலின் எதிர்வினை கட்டுமீறி, சொந்த உறுப்புகளையே கெடுப்பதுதான் செப்சிஸ். வெள்ளணுக்கள் சைட்டோகைன்கள் எனும் அழற்சியைத் தூண்டும் புரதங்களைக் கொட்டுகின்றன. குழாய்களை விரிக்கும் நைட்ரிக் ஆக்சைடு பெருகி ரத்தக்குழாய்கள் தளர்கின்றன, அவற்றின் சுவர் வழியாக நீர் கசிகிறது, தந்துகிகள் எனும் மிக நுண்ணிய குழாய்களில் சின்னஞ்சிறு ரத்தக் கட்டிகள் உறைகின்றன. நுரையீரல் நன்றாக இருக்கும்வரை ரத்தத்தில் ஆக்சிஜன் ஏறிவிடும். ஆனால் அது திசுவுக்குப் போய்ச் சேர்வதில்லை. சேர்ந்தாலும் செல்லுக்குள் ஆற்றல் தயாரிக்கும் மைட்டோகாண்ட்ரியாவால் சரியாகப் பயன்படுத்த முடிவதில்லை. ஆக்சிமீட்டர் அளப்பது ஹீமோகுளோபினில் ஏறிய ஆக்சிஜனை மட்டும். ஆகவே திசுக்கள் திணறுவதைக் காட்டும் ரத்த லாக்டேட் லிட்டருக்கு 2 மில்லிமோலைத் தாண்டி ஏறிக்கொண்டிருக்கும்போதே திரையில் 98 நிற்கலாம்.

இன்னொரு சங்கடமும் உண்டு. 660, 940 நானோமீட்டர் ஒளி இரண்டையும் விரல் வழியாகச் செலுத்தி, துடிப்போடு ஏறி இறங்கும் பங்கைப் பிரித்தெடுத்துத்தான் இது கணக்கிடுகிறது. விரல் சில்லிட்டு நாடி மெலிந்தால் பிரித்தெடுக்க ஒன்றும் இருக்காது. நெயில் பாலிஷ், மருதாணி, நடுக்கம் எல்லாமே தொல்லை. கருத்த தோலில் உண்மையைவிடக் கூட்டிக் காட்டும் குறையும் அறியப்பட்டதே. இருந்தாலும் வாங்கலாம், நாடித்துடிப்பையும் பெர்ஃப்யூஷன் இண்டெக்ஸையும் (விரலில் துடிக்கும் ரத்தத்தின் வலுவைக் குறிக்கும் எண்) காட்டும் மாடலாகப் பார்த்து. கை கதகதப்பாக இருந்தும் அந்த இண்டெக்ஸ் முந்தைய அளவைவிடச் சரிந்துகொண்டே போனால், விரலுக்கு வரும் ரத்தம் குறைகிறது என்று பொருள்.

மூன்றில் முதலிடம் மேல்கையில் கட்டும் பி.பி. மெஷினுக்கு. மணிக்கட்டு மாடல் வேண்டாம். கை இதய மட்டத்தைவிட 10 செ.மீ. தாழ்ந்தாலே அளவு ஏறக்குறைய 8 புள்ளி கூடிவிடும், தாழ்ந்த பிரஷர் மறைந்துபோகும். பட்டை சிறிதாக இருந்தாலும் அதே கதை.

பலர் மேல் எண்ணை மட்டும் பார்ப்பார்கள். குழாய்கள் தளரும்போது முதலில் விழுவது பெரும்பாலும் கீழ் எண். 100/46 என்றால் "நூறு இருக்கிறதே" என்று தோன்றும். கீழ் எண்ணை இரண்டால் பெருக்கி, மேல் எண்ணைக் கூட்டி, மூன்றால் வகுத்தால் சராசரி அழுத்தம் 64. செப்டிக் ஷாக் சிகிச்சையில் 65க்குக் குறையாமல் வைத்திருக்க மருத்துவர்கள் பாடுபடுவது இந்த எண்ணைத்தான். வழக்கமாக 150 இருப்பவருக்கு 110 என்பதும் நல்ல செய்தி அல்ல. மெஷின் உண்மையில் உணர்வது பட்டையில் எழும் அதிர்வை. மேல், கீழ் எண்கள் அதிலிருந்து கணக்குப்போட்டு வருபவை. நாடி மெலிந்தாலோ தாளம் தப்பினாலோ எரர் காட்டும். பட்டையைச் சரியாகக் கட்டி, கையை அசைக்காமல் வைத்தும் எரர் வந்தால் பேட்டரியை மட்டும் சந்தேகிக்கக் கூடாது.

தெர்மாமீட்டருக்குக் கடைசி இடம். செப்சிஸ் காய்ச்சலோடுதான் வரும் என்பதில்லை. முதியவர்களிடமும் கைக்குழந்தைகளிடமும் வெப்பம் 36 டிகிரி செல்சியஸுக்குக் கீழே போகலாம், அது கூடுதல் ஆபத்து. பாரசிட்டமால் காய்ச்சலை மறைக்கும். நெற்றிக்கு நேரே நீட்டும் இன்ஃப்ராரெட் வகை தோலின் வெப்பத்தைப் படிக்கிறது. தோல் சில்லிட்டுப்போன நோயாளியிடம் அது சொல்வதை நம்ப முடியாது. நாக்கடியில் வைக்கும் சாதாரண டிஜிட்டல் வகையே மேல். குழப்பத்தில் இருப்பவர் கடித்துவிடக்கூடும் என்பதால் அவருக்கு அக்குளில் வைக்க வேண்டும். அங்கே அளவு சற்றுக் குறைவாகவே வரும்.

இவை எதுவும் நேரடியாக அளக்காத ஒன்றுதான் பல நேரம் முதலில் மாறுவது: மூச்சு. ரத்தத்தில் அமிலம் கூடக்கூட, கார்பன் டை ஆக்சைடை வெளியேற்ற மூச்சு வேகமெடுக்கும். வினாடி முள் உள்ள கடிகாரம் போதும். எண்ணுவதாகச் சொல்லாமல், மார்போ வயிறோ எழுவதை முழு 60 வினாடி எண்ண வேண்டும். 15 வினாடி எண்ணி நான்கால் பெருக்கினால் ஒரு மூச்சு தப்பினாலும் நான்கு தப்பும். பெரியவர்களுக்கு நிமிடத்துக்கு 22 மூச்சு எச்சரிக்கை. நோயாளியின் நிலை மோசமாவதை மதிப்பெண் போட்டுக் கண்டறியப் பல மருத்துவமனைகள் பயன்படுத்தும் நியூஸ்2 (NEWS2) அட்டவணையில் 25ஐத் தொட்டாலே அதிகபட்ச 3 மதிப்பெண், புதிதாக வந்த குழப்பத்துக்கும் அதே 3. மூச்சை எண்ணித் தரும் என்று விற்கப்படும் ஆக்சிமீட்டர்கள் நாடி அலையிலிருந்து ஊகிக்கின்றன. நாடி மெலியும்போது அந்த ஊகமும் கெடும்.

தொற்று இருப்பவருக்குப் பேச்சு குழறினாலோ, மூச்சு 25ஐ எட்டினாலோ, மேல் எண் 90க்கு இறங்கினாலோ, அரை நாளுக்கு மேல் சிறுநீர் போகாவிட்டாலோ, மறுபடி அளந்து பார்க்க நேரமில்லை, உடனே அவசரப் பிரிவுக்குக் கொண்டுபோக வேண்டும். இவற்றில் ஒன்று போதும், ஆக்சிமீட்டர் 98 காட்டினாலும் சரி. கருவிகளை எடுத்துப்போவதைவிட, எந்த மணிக்கு என்ன அளவு, வழக்கமான பிரஷர் எவ்வளவு, கடைசி பாரசிட்டமால் எப்போது, பீட்டா பிளாக்கர் சாப்பிடுபவரா (இதயத் துடிப்பைக் குறைக்கும் மருந்து, அவருக்கு நாடி வேகமெடுக்காமலே இருக்கலாம்) என்று எழுதிய தாளை எடுத்துப்போவது உதவும்.