ஸ்டீவ் புளூமர் ஃப்ரேம் வாங்குனேன், பாதி திருப்தி

ஸ்டீவ் புளூமர், அந்தக் காலத்து இங்கிலாந்து ஃபுட்பால் வீரர், அவரு போட்டோ போட்ட ஃப்ரேம். இங்கிலாந்துல டெர்பி ஊர்ல பழைய ஃபுட்பால் சாமான் விக்கிற ஒரு சின்ன கடைல 35 பவுண்டுக்கு வாங்குனது. பேர் வேணாம், ஓனர் பாவம் நல்ல மனுஷன், ஒரு மணி நேரம் நின்னு கதை சொன்னாரு.

பழைய போட்டோ பிரிண்ட் செம கிளியர், லேஸ் வச்ச தோல் பந்தோட தையல் கூட தெரியுது. ஃப்ரேம்தான் மட்டம், வீட்டுக்கு வந்து மாட்டும்போதே பின்னாடி கொக்கி கழண்டு கைல வந்துருச்சு.

அதைவிட கடுப்பு, கீழ இருக்க கேரியர் குறிப்பு. 1892ல டெர்பி கவுண்டி கிளப்புக்கு ஆட ஆரம்பிச்சது, 1906ல மிடில்ஸ்பரோ கிளப்புக்கு போனது, 1910ல திரும்பி வந்தது எல்லாம் கரெக்ட், ஆனா இங்கிலாந்துக்கு 23 மேட்ச்ல 28 கோல் அடிச்ச மனுஷனுக்கு 23 கோல்னு அச்சடிச்சா எப்படிங்க? 1914ல கோச்சா பெர்லின் போய், முதல் உலகப் போர் வெடிச்சதும் பிரிட்டிஷ்காரங்கள ஜெர்மனி அடைச்சு வச்ச ரூலேபென் முகாம்ல அடைபட்டாரே, அது ஒரு வரி கூட இல்ல. அப்புறம் ஸ்பெயின்ல ரியல் யூனியன் கிளப்புக்கு கோச்சா இருந்து 1924ல கோப்பை ஜெயிச்சு குடுத்ததும் இல்ல. ஆட்டக்காரங்களுக்கு வாரச் சம்பளம் 4 பவுண்டுக்கு மேல குடுக்கக் கூடாதுன்னு 1901ல ரூல் போட்ட காலத்து ஆளு, அதையாவது போட்டிருக்கலாம்.

போன் பண்ணி சொன்னேன், புது குறிப்பு அச்சடிச்சு அனுப்புறேன்னாரு. மூணு வாரமாச்சு, இன்னும் வரல. போட்டோவுக்காக 3 ஸ்டார்.