சிவிடி காருக்கு ஏடிஎஃப் ஊற்றிவிட்டார்கள்: நெல்லைப் பக்கம் கியர் ஆயில் மாற்றப் போகிறவர்கள் கவனத்துக்கு

பில்லில் இருந்தது ஒரே ஒரு வரி: "ஏடி ஆயில் 4 லி, லேபர்." எந்தக் கம்பெனி ஆயில், என்ன ரகம், ஒன்றும் கிடையாது. வண்டி 2016 மாடல் ஹோண்டா சிட்டி, சிவிடி கியர் பெட்டி; அதாவது பற்சக்கரத்துக்குப் பதில் கப்பியும் பெல்ட்டும் வைத்துத் தானாக மாறுகிற பெட்டி. அதில் ஊற்றியது ஏடிஎஃப், சாதாரண ஆட்டோமேட்டிக் பெட்டிக்கான ஆயில். ஓனர் அம்பாசமுத்திரத்தில் பலசரக்குக் கடை வைத்திருப்பவர். வேலை நடந்தது திருநெல்வேலியில் எப்போதும் கூட்டமாக இருக்கிற ஒரு பட்டறையில். அதன் பெயர் இங்கே வேண்டாம். அந்த ஒரு பட்டறைக்குப் போகாமல் இருந்தால் தப்பிவிடலாம் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. இதே வேலை பல இடங்களில் நடக்கிறது.

அந்த வண்டியோடு வந்த புத்தகத்தில் எச்சிஎஃப்-2 என்ற ஆயிலை மட்டும்தான் ஊற்ற வேண்டும் என்று தெளிவாகப் போட்டிருக்கிறது. ஓனர் அதைக் காட்டியும் கேட்டிருக்கிறார். வந்த பதில்: "ஆட்டோமேட்டிக்குக்கு எல்லாம் ஒரே ஆயில்தான் அண்ணாச்சி. செவப்பா இருக்கும். நாங்க வருசக்கணக்கா இதத்தான் ஊத்துதோம், ஒரு கம்ப்ளைண்டும் வந்ததில்ல." நம்பி விட்டுவிட்டு வந்தார்.

மூன்றாம் நாளே தொந்தரவு ஆரம்பித்தது. வண்ணார்பேட்டை சிக்னலில் நின்று எடுக்கும்போது வண்டி நடுங்கியது. ஜங்ஷன் ஈரடுக்குப் பாலத்தில் ஏறும்போது ஆர்பிஎம் முள் 2000-இலிருந்து 3000-க்குத் தாவியது, வேகம் மட்டும் கூடவில்லை. செங்கோட்டை தாண்டி ஆரியங்காவு மலைப்பாதையில் போனபோது ஒரு ஊளைச் சத்தமும் சேர்ந்துகொண்டது. திரும்பப் பட்டறைக்குக் கொண்டுபோனால், "வண்டிக்கு வயசாயிட்டுல்லா, அப்படித்தான் இருக்கும்" என்று அனுப்பிவிட்டார்கள். ஆயில் மாற்றுவதற்கு முந்தின நாள் வரை நன்றாக ஓடிய வண்டி அது.

இன்னொரு இடத்தில் ஆயிலை இறக்கியபோது சிவப்பாக வந்தது. வெள்ளைத் துணியில் இரண்டு சொட்டு விட்டு வெயிலில் சாய்த்துப் பார்த்தால், மீன் செதில் பொடி மாதிரி மினுமினுப்பு. ஆயிலை இறக்கும் டிரெயின் போல்ட்டின் காந்தத்தில் மெல்லிய சாம்பல் நிறப் பசை இருந்தால் அது இயல்பான தேய்மானம், பயப்பட வேண்டாம். இந்தப் போல்ட்டில் பசைக்கு நடுவே விரலில் குத்துகிற ஊசித் துணுக்குகள் இருந்தன.

ஏன் இப்படி ஆனது என்பது புரிந்தால்தான் அடுத்த தடவை யாரும் நம்மை ஏமாற்ற முடியாது.

சாதாரண ஆட்டோமேட்டிக்கில் காகித நார் ஒட்டிய கிளட்ச் தட்டுகள் இருக்கும். அவை ஒன்றையொன்று பிடிக்கும்போது உதறல் இல்லாமல் வழுவழுப்பாகப் பிடிக்க வேண்டும். அதற்கேற்ற மருந்து ஏடிஎஃப்பில் கலந்திருக்கும். சிவிடியில் கதையே வேறு. இரண்டு இரும்புக் கப்பிகள், நடுவே நூற்றுக்கணக்கான சிறு எஃகுத் துண்டுகளைக் கோர்த்த ஒரு பெல்ட். என்ஜினின் மொத்த இழுவையும் அந்த எஃகு, கப்பியின் எஃகுச் சரிவைப் பிடித்துக்கொள்வதில்தான் இருக்கிறது. அந்த இடத்தில் ஆயில் தேய்மானத்தையும் தடுக்க வேண்டும், வழுக்கவும் விடக் கூடாது. சிவிடி ஆயில் அதற்காகவே செய்தது. ஏடிஎஃப் அந்த இடத்துக்குப் போனால் பெல்ட் வழுக்கும். வழுக்கினால் கப்பியின் முகத்தில் கோடு விழும். கோடு விழுந்த கப்பி மறுபடி பெல்ட்டை அரிக்கும். அந்த நிலைக்குப் போன பிறகு சரியான ஆயிலை ஊற்றினாலும் கோடு மறையாது. பெல்ட்டும் கப்பியும், பல சமயம் கியர் பெட்டியே, மாற்ற வேண்டியதுதான். ஆயிலில் மிச்சம் பிடித்த சில நூறு ரூபாய்க்கு லட்சக் கணக்கில் செலவு வந்து நிற்கிறது. அதுதான் நெஞ்சு பொறுக்கவில்லை.

சிவப்பு நிறம் வெறும் சாயம். என்ஜின் ஆயில் ஒழுகுகிறதா, கியர் பெட்டி ஒழுகுகிறதா என்று தரையில் பார்த்தவுடன் தெரியட்டும் என்று சேர்க்கத் தொடங்கியது. நிறத்தை வைத்து ரகம் சொல்கிறவரிடம் கியர் பெட்டியை விட வேண்டாம். ஏடிஎஃப்புக்குள்ளேயே எத்தனை வேறுபாடு! டொயோட்டாவின் பழைய டைப் டி-4 கெட்டியானது, பின்னால் வந்த டபிள்யூஎஸ் மெல்லியது; ஒன்றுக்குப் பதில் ஒன்று ஆகாது. ஹோண்டாவின் சாதாரண ஆட்டோமேட்டிக்குக்கு டிடபிள்யூ-1, சிவிடிக்கு எச்சிஎஃப்-2. நிசான் சிவிடியில் என்எஸ்-2, என்எஸ்-3 என்று பெட்டிக்குப் பெட்டி மாறும். ஒரே பெயர்ப் பலகை உள்ள காரிலேயே 2010 மாடலுக்கு ஒன்று, 2016 மாடலுக்கு வேறொன்று இருக்கும். ஆகவே கார் பெயரைச் சொல்லி ஆயில் கேட்காதீர்கள். வண்டியோடு வந்த புத்தகத்தைத் திறந்து, அதில் உள்ள ரகத்தின் பெயரைப் போனில் படம் எடுத்து வைத்துக்கொண்டு அதைக் காட்டிக் கேளுங்கள். பழைய வண்டி வாங்கிப் புத்தகம் இல்லையென்றால், சேஸிஸ் எண்ணைக் கொடுத்தால் கம்பெனி ஸ்பேர் கவுண்டரில் சொல்லிவிடுவார்கள்.

"எல்லா வண்டிக்கும் ஏற்றது" என்று டப்பாவில் அச்சடித்திருப்பதைக் காட்டுவார்கள். அங்கே ஒரு சூட்சுமம் இருக்கிறது. கார் கம்பெனி சோதித்து அனுமதி கொடுத்தது ஒன்று. ஆயில் கம்பெனி தானாகவே "இதற்குப் பயன்படுத்தலாம்" என்று எழுதிக்கொள்வது இன்னொன்று. இரண்டும் டப்பாவின் பின்பக்கம் பக்கத்துப் பக்கத்து வரிகளில் இருக்கும். டெக்ஸ்ரான்-3 என்ற ஏடிஎஃப் முத்திரைக்கான அனுமதியை ஜெனரல் மோட்டார்ஸ் 2006-ஓடு நிறுத்திவிட்டது. இன்றைக்கு டெக்ஸ்ரான்-3 என்று விற்கிற டப்பா எதுவும் அவர்கள் சோதித்த சரக்கு அல்ல. எல்லாமே கெட்டது என்று சொல்ல வரவில்லை. ஆனால் உத்தரவாதம் தருவது டப்பாக்காரர் மட்டும்தான்.

இனி அளவு. சரியான ஆயிலை வாங்கிக் கொடுத்தும் வண்டி கெட்டுப்போவது இங்கேதான். நம் ஊர் வெயிலில் இது இன்னும் மோசம். இப்போதைய பல ஆட்டோமேட்டிக் பெட்டிகளில் அளவு பார்க்கும் கம்பி கிடையாது. என்ஜினை ஓடவிட்டு, பிரேக்கை மிதித்தபடி கியர் லீவரை பி, ஆர், என், டி என்று ஒவ்வொன்றிலும் சில நொடி நிறுத்தி, ஆயில் குறிப்பிட்ட சூட்டுக்கு வரும்போது அளவு போல்ட்டைக் கழற்ற வேண்டும். கூடுதல் ஆயில் வழிந்து, மெல்லிய சொட்டாகக் குறைந்ததும் மூட வேண்டும். அந்தச் சூடு பல பெட்டிகளுக்கு 35-இலிருந்து 50 டிகிரிக்குள் இருக்கும். உங்கள் பெட்டிக்கு எவ்வளவு என்பது சர்வீஸ் புத்தகத்தில் இருக்கும். சித்திரை வெயிலில் வள்ளியூரிலிருந்து நாற்கரச் சாலையில் ஓட்டி வந்த வண்டியின் ஆயில் அதைவிட மிகச் சூடாக இருக்கும். விரிந்து நிற்கும் அந்த நேரத்தில் போல்ட்டைத் திறந்தால் இருக்க வேண்டிய ஆயிலும் வழிந்துவிடும், ஆறியதும் குறைவு. பம்ப் காற்றை உறிஞ்சும், கிளட்ச் பிடிக்காது. மாறாக, கூடுதலாக ஊற்றினால் சுழலும் பாகங்கள் ஆயிலைக் கடைந்து நுரையாக்கிவிடும். நுரையில் அழுத்தம் நிற்காது. அதனால் வண்டியை முந்தின நாள் மாலையே விட்டுவிட்டு, விடியக் காலையில் வேலையைத் தொடங்கச் சொல்லுங்கள். வண்டியின் கம்ப்யூட்டரில் மாட்டிப் பார்க்கிற ஸ்கேனரில் ஆயிலின் சூட்டைக் காட்டச் சொல்லுங்கள். ஸ்கேனர் இல்லாத பட்டறையில் இந்த வேலை வேண்டாம்.

வண்டி நாலு சக்கரமும் சமமாக நிற்க வேண்டும். முன்பக்கம் மட்டும் ஜாக்கி வைத்துத் தூக்கிப் பார்க்கிற அளவு பொய். ஊற்றும் போல்ட் கழல்கிறதா என்று பார்த்த பிறகுதான் இறக்கும் போல்ட்டில் கை வைக்க வேண்டும். மாற்றிச் செய்து, ஊற்றும் போல்ட் துருப்பிடித்து மழுங்கிப் போய், ஆயில் இல்லாமல் நிற்கிற வண்டிகள் உண்டு. இறக்கும் போல்ட்டின் வாஷர் ஒரு தடவை நசுங்கினால் முடிந்தது, புதிதுதான் போட வேண்டும். இறக்கிய ஆயிலை அளந்து பார்க்கச் சொல்லுங்கள்: மூன்றரை லிட்டர் வந்தால் முதலில் மூன்றரைதான் உள்ளே போக வேண்டும். அந்தச் சிட்டியில் டப்பா நாலு லிட்டர் என்பதற்காக நாலு லிட்டரும் ஊற்றப்பட்டிருந்தது. ரகமும் தப்பு, அளவும் தப்பு.

தப்பான ஆயிலை ஒரே தடவை இறக்கினால் தீராது. என்ஜினுக்கும் பெட்டிக்கும் நடுவே இருக்கிற டார்க் கன்வெர்ட்டரிலும், ஆயிலைத் திருப்பிவிடுகிற வால்வ் பாடியிலும் மிச்சம் நிற்கும். ஒரு பெட்டி மொத்தம் 6 லிட்டர் பிடிக்கும், இறக்கினால் மூன்றரை வரும் என்று வைத்துக்கொள்ளுங்கள். முதல் தடவை மாற்றிய பிறகு பழையது சுமார் 42 சதவீதம் இருக்கும். இடையில் சிறிது ஓட்டிக் கலக்கவிட்டு இரண்டாம் தடவை மாற்றினால் 17, மூன்றாம் தடவை 7. மூன்று தடவையாவது மாற்ற வேண்டும். மெஷின் வைத்து ஃபிளஷ் செய்யலாம், மருந்து ஊற்றிக் கழுவலாம் என்பார்கள். சிவிடியில் அது வேண்டாம். நிசான் சிவிடியில் ஆயில் மாற்றிய பிறகு ஸ்கேனரில் ஆயில் தேய்மானக் கணக்கையும் அழிக்க வேண்டும், பலர் அதை மறந்துவிடுகிறார்கள்.

கியர் போட்டு ஓட்டுகிற வண்டிக்காரர்களுக்கு ஒரு வார்த்தை. பட்டறை மூலையில் "90 நம்பர்" என்று ஒரு பீப்பாய் நிற்கும். டிராக்டருக்கும் அதுதான், லாரியின் கிரவுனுக்கும் (பின் அச்சின் நடுவே உள்ள பற்சக்கரப் பெட்டி) அதுதான், உங்கள் ஸ்விஃப்டுக்கும் அதுதான். 90 என்பது கெட்டித்தன்மை மட்டும். கூடவே ஜிஎல்-4 அல்லது ஜிஎல்-5 என்று ஒரு தரக் குறி உண்டு, விஷயம் அதில்தான். பொலிரோ மாதிரிப் பின்சக்கர வண்டியின் கிரவுனில் பல்லும் பல்லும் உராய்ந்து வழுக்கியபடியே சுழலும். அங்கே கந்தகமும் பாஸ்பரஸும் கூடுதலாகக் கலந்த ஜிஎல்-5 வேண்டும். அதே ஆயிலை ஜிஎல்-4 கேட்கிற முன்சக்கர காரின் கியர் பெட்டியில் ஊற்றினால் இரண்டு கேடு. கியர் மாறும்போது வேகத்தைச் சமப்படுத்துகிற பித்தளை சின்க்ரோ வளையத்தை அந்தக் கந்தகம் அரிக்கலாம். வழுவழுப்புக் கூடி வளையம் கியரின் கூம்பைப் பிடிக்காமலும் போகும். நல்ல வளையத்தின் உட்பக்கத்தை விரல் நகத்தால் வருடினால் மெல்லிய வரிகள் நகத்தில் தட்டுப்படும். தேய்ந்த வளையம் பழைய பத்துப் பைசா மாதிரி மழுமழுவென்று இருக்கும். விடியக்காலையில் இரண்டாவது கியர் 'கர்ர்' என்று முரண்டினால் முதலில் ஆயிலைச் சந்தேகப்படுங்கள். 75டபிள்யூ-80 என்ற மெல்லிய ஆயில் கேட்கிற பெட்டிக்கு 90 நம்பர் போட்டாலும் ஆயில் சூடாகிற வரை இதே முரண்டுதான். கிரவுனில் ஜிஎல்-4 ஊற்றுவது எதிர்ப்பக்கத் தப்பு; பல் தேய்ந்து இரைச்சல் போடும்.

ஏஎம்டி வண்டியை ஆட்டோமேட்டிக் என்று நினைத்து ஏடிஎஃப் ஊற்றுகிறார்கள். அது கியர் பெட்டிதான். கிளட்ச்சையும் கியரையும் நமக்குப் பதிலாக ஒரு கருவி மாற்றுகிறது, அவ்வளவே; பல வண்டிகளில் அது ஹைட்ராலிக் கருவி. பெட்டிக்குக் கியர் ஆயில், ஹைட்ராலிக் கருவி இருந்தால் அதற்குத் தனி ஆயில். ஃபோக்ஸ்வாகன், ஸ்கோடாவின் உலர் கிளட்ச் டிஎஸ்ஜியிலும் (இரண்டு கிளட்ச் உள்ள ஆட்டோமேட்டிக்) பற்சக்கரத்துக்கு ஒன்று, கியர் மாற்றுகிற மெகட்ரானிக் பாகத்துக்கு ஒன்று என்று இரண்டு தனித்தனி ஆயில். ஒன்றை மற்றதில் ஊற்றக் கூடாது.

டப்பா விஷயத்தில் கண்டிப்பாக இருங்கள். பெரிய கம்பெனி டப்பாக்கள் மூடியோடு காலியாக விலைபோவது வேறு ஆயில் நிரப்பத்தான். மூடியின் வளையம் உடையாமல் இருக்கிறதா, உள்ளே ஈயத் தாள் ஒட்டியிருக்கிறதா, பேட்ச் எண் நகத்தால் சுரண்டினால் அழிகிறதா என்று பாருங்கள். உங்கள் கண் முன்னால் திறக்கச் சொல்லுங்கள். காலி டப்பாவை நீங்களே எடுத்து வாருங்கள். அதுதான் பின்னால் சாட்சி. உதிரி ஆயில், பீப்பாய் ஆயில் கார் கியர் பெட்டிக்கு வேண்டவே வேண்டாம்.

பில்லில் ஆயிலின் முழுப் பெயர், ரகம், பேட்ச் எண், லிட்டர், வண்டி ஓடிய கிலோமீட்டர் எல்லாம் எழுதி வாங்குங்கள். அம்பாசமுத்திரத்துக்காரர் மாட்டிக்கொண்டது இங்கேதான். "ஏடி ஆயில்" என்று மட்டும் எழுதிய பில்லை வைத்து, ஊற்றியது தப்பான ஆயில் என்று காட்டுவது கஷ்டம். அதற்காக விட்டுவிட வேண்டியதும் இல்லை. இறக்கிய ஆயிலில் அரை லிட்டரைச் சுத்தமான கண்ணாடிப் பாட்டிலில் பிடித்து மூடி, தேதியும் கிலோமீட்டரும் ஒட்டி, வீடியோவும் எடுத்து வைத்திருக்கிறார். இறக்கிய பட்டறையிடம் என்ன பார்த்தோம் என்று எழுதிக் கையெழுத்தும் வாங்கிவிட்டார். 1915 என்ற தேசிய நுகர்வோர் எண்ணில் முதலில் புகார் சொல்லலாம். மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையத்தில் இரண்டு வருடத்துக்குள் மனு போட வேண்டும். கொடுத்த தொகை 5 லட்சம் வரை என்றால் மனுவுக்குக் கட்டணம் கிடையாது, வக்கீல் இல்லாமலும் போகலாம்.

தப்பான ஆயில் ஊற்றிவிட்டார்கள் என்று பட்டறையிலேயே தெரிந்துவிட்டால் என்ஜினை ஸ்டார்ட் செய்ய விடாதீர்கள். ஸ்டார்ட் செய்யாதவரை பெரும்பகுதி அடியில்தான் நிற்கும், அப்படியே இறக்கிவிடலாம். ஓட்டிய பிறகு தெரிந்தால், நடுக்கம் இருக்கிற வண்டியை "வீடு வரைக்கும் பைய ஓட்டிட்டுப் போயிருவோம்" என்று எடுக்க வேண்டாம். முழு வண்டியையும் ஏற்றிப் போகிற வண்டியைக் கூப்பிடுங்கள். அந்தச் சிட்டிக்கு மூன்று தடவை எச்சிஎஃப்-2 மாற்றியாகிவிட்டது. நடுக்கம் பெருமளவு குறைந்திருக்கிறது. ஏற்றத்தில் வருகிற ஊளை மட்டும் இன்னும் போகவில்லை.