அங்கீகார ரத்து நோட்டீஸுக்குப் பதில் எழுதித் தந்த வக்கீல் அலுவலகம்: என் மதிப்பீடு

தனியார் கல்லூரி ஒன்றில் அலுவலகக் கண்காணிப்பாளராக இருக்கிறேன். "அங்கீகாரத்தை ஏன் ரத்து செய்யக் கூடாது?" என்று கேட்டு எங்களுக்கு ஷோகாஸ் நோட்டீஸ் வந்தபோது ஒரு வக்கீல் அலுவலகத்திடம் போனோம். அவர்கள் வேலை எப்படி இருந்தது என்பதைத்தான் இங்கே எழுதுகிறேன். மேல்முறையீடு நிலுவையில் இருப்பதால் கல்லூரி, ஒழுங்குமுறை அமைப்பு, வக்கீல் என்று யார் பெயரையும் போடவில்லை.

இந்த மாதிரி நோட்டீஸ் வந்தால் பல கல்லூரிகள் கன்சல்டன்டைப் பிடிப்பார்கள். கட்டட வரைபடம், தீயணைப்புச் சான்று, ஸ்டாஃப் லிஸ்ட் எல்லாவற்றையும் சேர்த்துத் தலையணை கனத்துக்கு ஒரு ஃபைல் போகும். நாங்களும் அதையெல்லாம் எடுத்து வைத்திருந்தோம். வக்கீல் மேடம் அந்தக் கட்டைப் பிரிக்கவே இல்லை. நோட்டீஸை முதல் வரியிலிருந்து கையெழுத்து வரை படித்துவிட்டு, "சார், ஆய்வறிக்கை காப்பி எங்கே?" என்றார். நோட்டீஸோடு வரவில்லை என்றேன். "அப்புறம் எதுக்குப் பதில் சொல்லப் போறீங்க?"

அவர் கேட்டது நியாயம். 'ஆய்வின்போது போதிய ஆசிரியர்கள் இல்லை' என்று நோட்டீஸில் ஒரு வரி இருந்தது. எந்தத் துறையில், எத்தனை பேர் குறைவு, எந்த விதிப்படி என்று எதுவும் இல்லை. ஆய்வுக் குழு வந்த அன்று எங்கள் ஆசிரியர்கள் இரண்டு பேர் பல்கலைக்கழக விடைத்தாள் திருத்தும் பணியில் இருந்தார்கள். அதற்கான பணி ஆணையும் கையில் இருக்கிறது. ஆனால் குழு அவர்களைத்தான் கணக்கில் சேர்க்காமல் விட்டதா, வேறு யாரையாவது சொல்கிறதா என்று தெரியாமல் அந்த ஆணையை எந்தக் குற்றச்சாட்டுக்குப் பதிலாக இணைப்பது?

ஆகவே முதலில் போனது ஒரு பக்கக் கடிதம். ஆய்வறிக்கை நகல் வேண்டும், மீறியதாகச் சொல்லும் விதியின் எண் வேண்டும், அவை கிடைத்த பிறகு பதில் தர அவகாசம் வேண்டும். அதோடு, கெடு முடிவதற்குள் இருப்பதை வைத்து ஒரு இடைக்காலப் பதிலையும் அனுப்பச் சொன்னார். சும்மா இருந்தால் 'பதில் வரவில்லை' என்று எழுதி முடித்துவிடுவார்கள் என்றார். இந்த அலுவலகத்துக்கு நான் முழு மதிப்பெண் தருவது இந்த ஒரு யோசனைக்காகவே. அறிக்கை பிறகு வந்தது. அந்த இரண்டு பேரின் பெயருக்கு நேரே 'வரவில்லை' என்றுதான் இருந்தது. பத்தி எண் போட்டு, ஒவ்வொரு பத்திக்கும் எதிரே ஆதாரத்தை வைத்துப் பதில் தயாரித்தார்கள்.

அப்படியும் ரத்து உத்தரவு வந்தது. 'விளக்கம் திருப்தியளிக்கவில்லை' என்பதற்கு மேல் அதில் காரணம் ஒன்றும் இல்லை. பணி ஆணையைப் பார்த்தார்களா, பார்த்தும் ஏற்கவில்லையா? மேல்முறையீட்டு மனுவில் மேடம் பிடித்தது இதைத்தான். உத்தரவில் எழுதிய காரணங்களை வைத்துத்தான் உத்தரவை எடைபோட வேண்டும், பிறகு கோர்ட்டில் அஃபிடவிட் போட்டுப் புதுக் காரணம் சேர்க்க முடியாது என்று மொகிந்தர் சிங் கில் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. இன்னொன்று, ஓரிக்ஸ் ஃபிஷரீஸ் வழக்கு, 2010. ஒரு மீன் ஏற்றுமதி நிறுவனத்தின் பதிவை ரத்து செய்த விவகாரம் அது. குற்றம் நிரூபணமாகிவிட்டது என்று ஷோகாஸ் நோட்டீஸிலேயே முடிவு கட்டிவிட்டால், அதற்குப் பிறகு பதில் கேட்பது வெறும் சடங்கு என்று நீதிமன்றம் அந்த நடவடிக்கையை ரத்து செய்தது. எங்கள் நோட்டீஸின் வாசகத்தையும் அந்த நோட்டீஸின் வாசகத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டினார். அதற்குப் பிறகுதான் எங்கள் தாளாளருக்கு நம்பிக்கை வந்தது.

குறைகளும் உண்டு. ஃபீஸ் எவ்வளவு, எந்தக் கட்டத்துக்கு எவ்வளவு என்று ஆரம்பத்திலேயே எழுதித் தரவில்லை, கேட்டுக் கேட்டு வாங்க வேண்டியிருந்தது. டிராஃப்ட் எல்லாம் ஆங்கிலத்தில் மட்டும். தமிழில் ஒரு சுருக்கம் கேட்டோம், கடைசிவரை வரவில்லை.

பெரிய குறை மாணவர்கள் விஷயத்தில். உத்தரவு வந்த செய்தி பரவியதும் பெற்றோர் போன் மேல் போன். "சார், பிள்ளையோட டிகிரி செல்லுமா?" என்று கேட்ட அம்மாவுக்கு என்னிடம் பதில் இல்லை. அந்தப் பக்கம் வக்கீல் அலுவலகம் யோசிக்கவே இல்லை, நாங்கள் நச்சரித்த பிறகுதான் பார்த்தார்கள். ஆசிரியர் கல்விக் கல்லூரிகளுக்கு 1993-ஆம் ஆண்டு என்.சி.டி.இ. (தேசிய ஆசிரியர் கல்விக் குழுமம்) சட்டம் இருக்கிறது. அதன் 17-ஆவது பிரிவில், பதில் சொல்ல நியாயமான வாய்ப்பு தராமல் அங்கீகாரத்தை ரத்து செய்யக் கூடாது என்று இருக்கிறது. ரத்து உத்தரவும் உடனே அமலுக்கு வராது, அது தெரிவிக்கப்பட்ட தேதிக்கு அடுத்து வரும் கல்வியாண்டின் முடிவிலிருந்துதான் வரும். படித்துக்கொண்டிருக்கிற பிள்ளைகள் நடுத்தெருவில் நிற்கக் கூடாது என்று யோசித்து எழுதிய வரி. ஆனால் எங்கள் கல்லூரி அந்தச் சட்டத்தின் கீழ் வராது, எங்களுக்கான விதிகளில் அப்படி ஒரு வரி இல்லை. மேல்முறையீட்டில் இடைக்காலத் தடை கேட்கும் பத்தியில் மாணவர் பட்டியலையும் சேர்க்க வைத்தோம்.

அங்கீகாரத்தை ரத்து செய்யும் அதிகாரம் கட்டாயம் வேண்டும் என்பது என் கருத்து. ஆசிரியரே இல்லாமல் ஃபீஸ் மட்டும் வாங்கும் கல்லூரிகளை நானே பார்த்திருக்கிறேன், அங்கே சேர்ந்த பிள்ளைகளை வேறு யார் காப்பாற்றுவது? ஆனால் நகல் தராமல், காரணம் எழுதாமல் போடும் உத்தரவு கோர்ட்டில் நிற்காது. அந்த ஓட்டை வழியாக நிஜமாகவே தப்பு செய்த கல்லூரியும் வெளியே வந்துவிடும்.

நோட்டீஸ் கையில் இருக்கும்போதே போகிறவர்களுக்கு இந்த அலுவலகத்தைத் தயங்காமல் சொல்வேன். உத்தரவு வந்த பிறகு போனால் அவர்களாலும் செய்ய முடிவது குறைவு. ஃபீஸை முதல் நாளே எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். நோட்டீஸ் வந்த கவரைக் கிழித்துப் போடாமல் கொண்டுபோங்கள், கெடுவைக் கணக்கிட மேடம் முதலில் கேட்பது அதிலிருக்கும் தபால் முத்திரைத் தேதியைத்தான்.